பாரம்பரியம்னா எந்த வருஷத்துப் பாரம்பரியம்?

தாய்லாந்து ராஜமாதா சிரிகிட் 2025 அக்டோபர்ல காலமானதுலேர்ந்து பார்க்கிறேன், "பழங்கால தாய் உடையைக் காப்பாத்திய அரசி"ன்னு ஒரே புகழ்மாலை. நம்மாளுங்களும் படத்தைப் போட்டு உருகுறாங்க. உடை அழகுதான், சந்தேகமே இல்ல. 'காப்பாத்திய'ங்கிற வார்த்தைலதான் எனக்குத் தகராறு.

1960ல மன்னர் பூமிபோலோட அமெரிக்காவுக்கும் ஐரோப்பாவுக்கும் கிளம்பும்போது, தேசிய உடைன்னு காட்ட ஒண்ணு நிலையா இல்ல. நம்ம புடவை மாதிரி ஒண்ணு அங்கே தொடர்ந்து வரலை. பழைய அரண்மனைப் போட்டோக்களையெல்லாம் தோண்டிப் பார்த்துத்தான் புதுசா வகுத்தாங்க. அப்படி வந்த எட்டு வகைக்கு சித்ரலதா, அமரின், துசித், சக்ரின்னு அரண்மனைகள், மண்டபங்களோட பேரை வெச்சாங்க. கொசுவத்தை முன்கூட்டியே தைச்சு, கொக்கியும் ஜிப்பும் வெச்ச உடை! அந்தப் பயணத்துக்கு கவுன் தைச்சுக் குடுத்தவர் பாரிஸ்காரர் பியர் பால்மேன். பிற்பாடு தாய் உடைகள்லயும் அவர் கை இருக்கு. எம்பிராய்டரி, அதே பாரிஸின் லெசாஜ்.

இதுல வெட்கப்பட ஒண்ணுமில்லை. பாங்காக் அரண்மனை வளாகத்துல 2012ல திறந்த சிரிகிட் ஜவுளி மியூசியத்துல பால்மேன் உடைகளைத் தனிக் கண்காட்சியாவே வெச்சாங்க. அரண்மனையே மறைக்காததை ரசிகர்கள் ஏன் சாமி மறைக்கிறீங்க?

சரி, பழசு எங்கே போச்சு? வெள்ளைக்காரன் வந்து பிடுங்கலை, அந்த நாடு யாருக்கும் காலனியா இருந்ததேயில்லை. பிபுன் சோங்க்ராம்னு ஒரு பிரதமர். 1939 முதல் 1942 வரை 'கலாசார ஆணை'ன்னு வரிசையா போட்டார். நாகரிக நாடாத் தெரியணுமாம், அதனால தொப்பி போடு, வெத்தலை போடாதே. நம்ம பஞ்சகச்சம் மாதிரி ஆணும் பொண்ணும் கட்டின சோங் கிராபென்னையும் ஓரங்கட்டினார். ஆக, மேல இருந்து ஒருத்தர் 'இது கூடாது'ன்னார், இருபது வருஷம் கழிச்சு மேல இருந்தே இன்னொருத்தர் 'இதுதான்'னார். உடுத்துறவளை ரெண்டு தடவையும் யாரும் கேட்கலை.

அதுக்கும் முன்னாடி போனா இன்னும் தமாஷ். அயுத்தயா அரசவைல மதிப்பா உடுத்தின பூவேலைத் துணிகள்ல ஒரு வகை நம்ம சோழமண்டலக் கரைலேர்ந்து போனது! சயாம்காரங்க டிசைனைக் கேட்டு வாங்கி நம்ம கரைல வரைஞ்சு அனுப்பினாங்க. சுத்த சுதேசி தேடறவங்களுக்கு என் அனுதாபங்கள் :-)

நியாயத்தையும் சொல்லிடறேன். 1976ல அரசி ஆரம்பிச்ச சப்போர்ட் அறக்கட்டளை, வடகிழக்கு ஈசான் பக்கத்து முத்மீ பட்டுக்கு மார்க்கெட் பிடிச்சுக் குடுத்தது. நூலைக் கட்டிக் கட்டிச் சாயம் போட்டு நெய்யுற வேலை, வீட்டுப் பொம்பளைங்க தறில செய்யுறது. உண்மையிலேயே தொடர்ந்து வந்த பாரம்பரியம் அதுதான். ஆனா போட்டோ அடிக்குறிப்புல பால்மேன் பேர் வரும், நெஞ்சவ பேர் வராது.

இப்ப விஷயத்துக்கு வரேன். அரசியோட பேத்தி சிரிவண்ணவரி தன் பேர்லயே ஃபேஷன் பிராண்டு நடத்துறார். 2020 அக்டோபர்ல அவர் பிராண்டோட ஷோ நடந்தப்போ, ஜனநாயகப் போராட்டக்காரங்க சீலோம் ரோட்டுல நடுத்தெருவுல கேலியா ஒரு போட்டி ஷோ வெச்சாங்க. ஒரு பொண்ணு ரோஸ் கலர் தாய் பட்டு உடுத்தி, பக்கத்துல ஒருத்தர் குடை பிடிக்க, நடந்து வந்தாங்க. நான் தாய் உடைதானே போட்டேன்னு சொன்னாங்க. ராணியைக் கிண்டல் பண்ணினதா ராஜநிந்தனை வழக்கு, சட்டப்பிரிவு 112. 2022 செப்டம்பர்ல மூணு வருஷம்னு தீர்ப்பு, அப்புறம் ரெண்டாக் குறைச்சாங்க.

தேசிய உடைன்னு பேர் வெச்சாச்சு. தேசத்துல ஒருத்தி அதை உடுத்தி ரோட்டுல நடந்தா ஜெயில். 'காப்பாத்திய அரசி'ன்னு எழுதுற அண்ணாச்சிகளே, அடுத்த பதிவுல அந்த ரோஸ் கலர் பட்டுக்கும் ரெண்டு வரி ஒதுக்குங்க.

டிஸ்கி: பட்டுத்துணி மேல எனக்கு எந்தக் கோபமும் இல்லை.