லஞ்சம் வாங்காத குமாஸ்தா

அரசு அலுவலகத்தைக் கேலி செய்யும் தமிழ்க் குறும்படங்களில் பெரும்பாலும் ஒரே மனிதர்தான் வருகிறார்: வெற்றிலை குதப்பும் வாய், மேசைக்கடியில் நீளும் கை. இறுதியில் ஒரு ஏழையின் கண்ணீர், ஒரு கைது, ஒரு நீதிவாக்கியம். இதனை அங்கதம் என்று ஏற்க நாங்கள் மறுக்கிறோம். லஞ்சம் குற்றம், அதற்குச் சட்டம் இருக்கிறது. அபத்தம் வேறு. லஞ்சமே வாங்காத, விதி பிறழாத குமாஸ்தாவிடம்தான் அது முழு உருவில் குடியிருக்கிறது.

கியூபாவின் தொமாஸ் குத்தியரெஸ் அலெயா 1966இல் எடுத்த 'ஓர் அதிகாரியின் மரணம்' படத்தில், தொழிலாளி ஒருவர் தம் அடையாள அட்டையோடு புதைக்கப்படுகிறார். அட்டையின்றி மனைவிக்கு ஓய்வூதியமில்லை. திருட்டுத்தனமாகத் தோண்டியெடுத்த உடலை மறுபடி புதைக்கவும் வழியில்லை. பதிவேட்டின்படி அவர் ஏற்கெனவே மண்ணுக்குள் இருக்கிறார்!

இது கற்பனை எனலாம். உத்தரப்பிரதேசத்து லால் பிகாரி 1975 முதல் 1994 வரை வருவாய்ப் பதிவேட்டில் இறந்தவராகவே இருந்தார். தொடங்கிவைத்தது உறவினரின் நிலத்தாசை. 19 ஆண்டுகள் நீட்டித்தது காகிதத்தின் மீதான பக்தி. தாம் உயிரோடிருப்பதை நிறுவ 1989இல் அமேதியில் ராஜீவ் காந்தியை எதிர்த்து அவர் தேர்தலில் நின்றார்.

தமிழில் இயலாதென்பாரும் உளர். குறும்படங்களிலிருந்து வந்த மடோன் அஸ்வினின் 'மண்டேலா' (2021) அவர்களுக்கு விடை. அஞ்சலகக் கணக்குத் தொடங்க அடையாள அட்டை வேண்டும், அட்டைக்குப் பெயர் வேண்டும். பெயரற்ற நாவிதர் இப்படித்தான் வாக்காளராகி ஊரையே ஆட்டிவைக்கிறார்.

எங்கள் வருத்தம் அருகிலிருப்பது பற்றியது. சாரல் காலத்தில் கேமராவோடு குற்றாலம் வரும் இளைஞர்கள் அருவியை மட்டுமே படம்பிடித்துத் திரும்புகிறார்கள். 2024 மே மாதம் பழைய குற்றாலத்தில் திடீர் வெள்ளம் ஒரு சிறுவனின் உயிரைக் கொண்டுபோனது. பின்னர் எழுந்த சர்ச்சைகளில் ஒன்று, அருவி எந்தத் துறைக்குரியது என்பது. மலையில் பெய்யும் மழை துறை பார்த்தா இறங்குகிறது? மரணத்தைக் கேலி செய்யச் சொல்லவில்லை. அதன்பின் நகரும் கோப்பைப் பின்தொடரச் சொல்கிறோம்.

சில கிலோமீட்டர் தொலைவில் தென்காசி. 2019 நவம்பர் 22 முதல் அது மாவட்டத் தலைநகர், அலுவலகங்களுக்குப் பஞ்சமில்லை. இயக்குநர்கள் அங்கே ஒருநாள் வரிசையில் நிற்கட்டும். வில்லனைத் தேட வேண்டாம். கையில் கொடுக்கப்படும் படிவத்தை முதல் வரியிலிருந்து கடைசி வரிவரை படித்தால் போதும். பாதித் திரைக்கதை அதிலேயே இருக்கிறது.