காட்டுக்குள் கூட்டிப் போகிறவருக்கு எதற்குக் கூலி?

திருப்பூர் என்றதும் எல்லோருக்கும் பனியன்தான் ஞாபகத்துக்கு வரும். நூல், நிட்டிங், சாயப்பட்டறை, ஓவர்லாக், ஷிப்மெண்ட்... அவ்வளவுதான். இதே திருப்பூர் மாவட்டத்துக்குள் ஒரு புலிகள் காப்பகத்தின் பகுதி இருக்கிறது, யானை நடமாடுகிறது, மலைமேல் பழங்குடி ஊர்கள் இருக்கின்றன என்று சொன்னால் கல்லூரி வகுப்பில் பாதிப் பேர் நம்ப மாட்டார்கள்.

உண்மை அதுதான். 2009-ல் திருப்பூர் தனி மாவட்டம் ஆனபோது உடுமலைப்பேட்டை அதனோடு சேர்ந்தது. கூடவே ஆனைமலைப் புலிகள் காப்பகத்தின் உடுமலை, அமராவதி வனச்சரகங்களும் வந்து சேர்ந்தன. தளிஞ்சி, கோடந்தூர், குருமலை, குழிப்பட்டி, மாவடப்பு என்று அந்த மலைகளில் ஊர்கள் இருக்கின்றன. முதுவர்களும் புலையர்களும் தலைமுறை தலைமுறையாக அங்கே வாழ்கிறார்கள்.

கம்பெனி லீவு விட்ட ஞாயிற்றுக்கிழமையில் திருப்பூர்க்காரர் எங்கே போவார்? திருமூர்த்தி மலை, அமராவதி அணை, முதலைப் பண்ணை. பைக்கும் கூட்டாளிகளும் சேர்ந்தால் மறையூர் வழியாக மூணாறு. அந்த ரோட்டின் இரண்டு பக்கமும் காடுதான். ஆனால் ரோட்டோரத்தில் நிற்கும் ஒரு மரத்தின் பெயரைக் கேட்டால் "ஏதோ காட்டு மரம்" என்பதைத் தாண்டிப் பதில் வராது. பதில் தெரிந்தவர்கள் அதே காட்டுக்குள் சில கிலோமீட்டர் தள்ளி இருக்கிறார்கள். அவர்களிடம் யாரும் கேட்பதில்லை.

இப்போது கேட்பதற்கு ஒரு வழி வந்திருக்கிறது. அந்த வழி சரியாக அமைய வேண்டும் என்பதற்காகத்தான் இந்தக் கட்டுரை.

2018 மார்ச் 11-ஆம் தேதி தேனி மாவட்டம் குரங்கணி மலையில் பிடித்த காட்டுத்தீயை யாரும் மறந்திருக்க முடியாது. சென்னையிலிருந்து ஒரு குழு, திருப்பூர், ஈரோடு பக்கமிருந்து இன்னொரு குழு. இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்துபோனார்கள். அதன் பிறகு மலையேற்றத்துக்குத் தடை வந்தது, அதே ஆண்டு விதிமுறைகளும் வந்தன. 2024 அக்டோபரில் தமிழக அரசு 'ட்ரெக் தமிழ்நாடு' என்ற திட்டத்தைத் தொடங்கியது. 14 மாவட்டங்களில் 40 பாதைகள். ஆன்லைனில் பணம் கட்டி புக் செய்ய வேண்டும். காட்டை ஒட்டிய ஊர்களின் இளைஞர்கள், பழங்குடி இளைஞர்கள் உட்பட, பயிற்சி பெற்று வழிகாட்டிகளாக வருகிறார்கள். திருப்பூர் மாவட்டத்துக்கும் ஒரு பாதை உண்டு: சின்னார் சோதனைச் சாவடியிலிருந்து கூட்டாறு வரை.

நல்ல திட்டம்தான், சந்தேகமில்லை. வழி தெரியாமல் போய் உயிரை விடுவதைவிட, காட்டைத் தெரிந்தவர் பின்னால் போவது எவ்வளவோ மேல். ஆனால் "கைடு" என்றதும் டிக்கெட் எடுத்தவர் மனதில் வருவது என்ன? முன்னால் நடப்பார், யானை வந்தால் சொல்லுவார், தலையை எண்ணிக் கூட்டி வந்து விடுவார். அதாவது அவருடைய காலுக்கும் கண்ணுக்கும்தான் கூலி. அவர் தலைக்குள் இருப்பதற்கு?

ஆஸ்திரேலியாவில் குயின்ஸ்லாந்து மாநிலத்தின் வடக்கே டெயின்ட்ரீ என்றொரு மழைக்காடு இருக்கிறது. உலகின் மிகப் பழைய மழைக்காடுகளில் ஒன்று. அந்த மண்ணின் பூர்வகுடிகள் குக்கு யலஞ்சி மக்கள். அங்கே மாஸ்மன் பள்ளத்தாக்கில் 2012-ல் ஒரு பார்வையாளர் மையம் திறந்தார்கள். குக்கு யலஞ்சி வழிகாட்டிகளே ஆட்களைக் காட்டுக்குள் அழைத்துப் போகிறார்கள். புகை போட்டு வரவேற்ற பிறகுதான் நடை தொடங்கும். எந்த இலையைத் தண்ணீர் விட்டுக் கசக்கினால் சோப்பு மாதிரி நுரைக்கும், எந்தக் காயை எப்படிப் பக்குவப்படுத்தித் தின்னலாம், எந்த மண்ணைக் குழைத்து உடம்பில் வரைவார்கள் என்று சொல்லிக்கொண்டே நடப்பார்கள். அங்கே போகிறவர்கள் வாங்கும் டிக்கெட்டே அந்தப் பேச்சுக்குத்தான்.

இதைவிட முக்கியமானது 2021 செப்டம்பரில் நடந்தது. டெயின்ட்ரீ தேசியப் பூங்கா உட்பட ஒன்றரை லட்சம் ஹெக்டேருக்கும் அதிகமான நிலத்தை குயின்ஸ்லாந்து அரசு கிழக்குக் குக்கு யலஞ்சி மக்களிடமே திருப்பிக் கொடுத்தது. பூங்காவை அரசும் அவர்களும் சேர்ந்து நிர்வகிக்கிறார்கள். கூலிக்கு வழிகாட்டியாக இருந்தவர் அந்த நிலத்தின் சொந்தக்காரராகவும் ஆகிவிட்டார். விருந்தாளி எங்கே வரலாம், எங்கே வரக்கூடாது என்று சொல்வதில் அவருக்கு இன்று பங்கு இருக்கிறது.

"அது வெள்ளைக்கார ஊர், இங்கே நடக்குமா?" என்று கேட்பவர்கள் உண்டு. உடுமலையிலிருந்து மறையூர் போகிற வழியில் எல்லையைத் தாண்டினாலே பதில் கிடைக்கும். கேரளாவின் சின்னார் சரணாலயத்தில் முதுவர்களும் மலைப்புலையர்களும் சூழல் மேம்பாட்டுக் குழுக்கள் வழியாகப் பல வருடங்களாக வழிகாட்டிகளாக இருக்கிறார்கள். டாப்ஸ்லிப்பைத் தாண்டிப் பரம்பிக்குளம் போனால் காடர், மலசர், மலை மலசர், முதுவர். தேக்கடியில் இன்னும் சுவாரஸ்யம். 1996-ல் தொடங்கிய சூழல் மேம்பாட்டுத் திட்டத்தில், காட்டில் வயணப்பட்டை திருடி விற்றுக்கொண்டிருந்தவர்களையே வழிகாட்டிகளாகவும் காவலர்களாகவும் மாற்றினார்கள். ஆக, ஆளை வேலைக்கு வைப்பது இங்கேயும் நடக்கிறது. அந்த ஆளின் அறிவுக்கு விலை வைப்பதில்தான் சிக்கல்.

அறிவு என்றால் பெரிய மந்திரம் மாயம் எதுவும் இல்லை. பூந்திக்கொட்டையும் சீகைக்காயும் எந்தச் சரிவில் காய்க்கும், குங்கிலியம் எடுக்க மரத்தை எவ்வளவு கீறலாம், எவ்வளவு கீறினால் மரம் பட்டுப்போகும், தேன்கூட்டில் எவ்வளவு விட்டுவைக்க வேண்டும், தைலப்புல்லை எப்போது அறுத்துக் காய்ச்ச வேண்டும்... இதெல்லாம்தான். இந்தப் பொருட்கள் ஊருக்குள் வந்தால் கடையில் விலை இருக்கிறது. அவற்றைப் பற்றித் தெரிந்து வைத்திருப்பதற்கு விலை இல்லை.

அப்படி ஒருமுறை விலை வைத்துப் பார்த்தார்கள். உலகம் முழுக்கப் பேசப்பட்ட கதை. திருப்பூருக்குப் பக்கத்து ஊரான கோயம்புத்தூருக்கும் அதில் பங்கு உண்டு.

1987-ல் அகத்திய மலைக் காட்டுக்குள் புஷ்பாங்கதன் தலைமையில் ஒரு ஆராய்ச்சிக் குழு போனது. வழிகாட்டிகள் காணி இளைஞர்கள். மலையேறி ஏறி விஞ்ஞானிகளுக்கு மூச்சு வாங்குகிறது, காணி இளைஞர்களுக்குக் களைப்பே இல்லை. அவ்வப்போது ஏதோ ஒரு சிறிய காயை வாயில் போட்டுக்கொண்டு நடக்கிறார்கள். விஞ்ஞானிகளும் தின்று பார்த்தார்கள், தெம்பு வந்தது. என்ன செடி என்று கேட்டபோது இளைஞர்கள் தயங்கினார்கள். வெளியாளுக்குச் சொல்லக்கூடாத விஷயம். பிறகுதான் சொன்னார்கள். அதுதான் ஆரோக்கியப்பச்சை.

திருவனந்தபுரத்தின் வெப்பமண்டலத் தாவரவியல் பூங்கா அதை ஆராய்ந்து 'ஜீவனி' என்ற மருந்தை உருவாக்கியது. 1995-ல் கோவை ஆர்ய வைத்திய பார்மசிக்கு ஏழு வருடத்துக்குத் தயாரிப்பு உரிமை கொடுத்தார்கள். உரிமத் தொகை 10 லட்சம் ரூபாய், விற்பனையில் 2 சதவீதம் ராயல்டி. இதில் பாதி காணி மக்களுக்கு. 1997-ல் அவர்களுக்கென்று ஒரு அறக்கட்டளை பதிவானது. 1999-ல் ஐந்து லட்சத்துக்குச் சற்று அதிகமான தொகை அதன் கைக்கு வந்தது. பழங்குடி அறிவுக்குப் பங்கு கொடுத்த முதல் சில உதாரணங்களில் ஒன்று என்று உலகமே பாராட்டியது.

வணிகவியல் படிக்கிறவர் இந்தக் கணக்கைக் கொஞ்சம் பிரித்துப் பார்க்க வேண்டும். ஆலையை விட்டு 100 ரூபாய்க்கு வெளியே போகும் மருந்தில் ராயல்டி 2 ரூபாய். காணிகளுக்கு அதில் 1 ரூபாய். பீஸ் ரேட்டுக்குத் தைத்துவிட்டு, அதே டி-ஷர்ட் வெளிநாட்டுக் கடையில் என்ன விலைக்குத் தொங்குகிறது என்று இண்டர்நெட்டில் பார்த்த திருப்பூர்க்காரருக்கு இந்த ஒரு ரூபாயைப் பற்றி விளக்க வேண்டியதில்லை. பிராண்டு யாருடையதோ அவருக்குத்தான் லாபம். இங்கே பிராண்டும் போனது. 'ஜீவனி' என்ற பெயரை அமெரிக்காவில் சம்பந்தமில்லாத ஒரு நிறுவனம் வணிகச் சின்னமாகப் பதிவு செய்துகொண்டது. காட்டில் அந்தச் செடியை வளர்க்கவும் இலை பறிக்கவும் காணிகளுக்கே வனத்துறையிடம் அனுமதி கிடைப்பது பெரும்பாடாகிவிட்டது.

இன்னொரு விஷயம் அதிகம் பேசப்படவில்லை. காணிகளில் பாரம்பரிய வைத்தியம் செய்கிறவர்களை 'பிலாத்தி' என்பார்கள். 1995-லேயே ஒன்பது பிலாத்திகள் சேர்ந்து, தங்கள் அறிவைத் தனியார் கம்பெனிகளுக்கு விற்கக்கூடாது என்று கேரள முதல்வருக்குக் கடிதம் எழுதினார்கள். ரகசியத்தைச் சொன்னது ஓரிரு இளைஞர்கள். அது யாருடைய ரகசியமோ அவர்களை யாரும் கேட்கவில்லை.

கவனித்துப் பார்த்தால் இந்தக் கதை முழுவதும் ஒரு 'கைடட் வாக்'கில்தான் தொடங்கியது. பின்னால் நடந்தவர் கேட்டார், முன்னால் நடந்தவர் சொன்னார். கூட்டாறு பாதையிலும் நாளைக்கு அதே கேள்வி கேட்கப்படலாம். கேட்கிறவர் கையில் செல்போன் கேமராவும் இருக்கும். மாலைக்குள் வீடியோ ஊர் முழுக்கப் போய்விடும்.

அதனால் எதையும் சொல்லவே வேண்டாம் என்று சிலர் வாதிடுகிறார்கள். பழங்குடிகளைக் காட்சிப்பொருள் ஆக்காதீர்கள் என்கிறார்கள். அந்தப் பயம் நியாயமானது. மாலை போட்டு ஆடச் சொல்லி போட்டோ எடுக்கும் 'சுற்றுலா' எங்கே நடந்தாலும் கேவலம்தான். ஆனால் வாயை மூடிக்கொண்டிருந்தால் அறிவு பிழைத்துவிடுமா? மலையிலிருந்து இறங்கி வந்து ஒரு மில்லில் ஷிப்டுக்கு நின்றால் மாதம் பிறந்ததும் சம்பளம் வரும். பாட்டி பின்னால் நடந்து நூறு செடியின் பெயரைக் கற்றுக்கொண்டால் என்ன வரும்? ஒன்றும் வராது என்றால் எந்தப் பையனும் கற்கமாட்டான். அவனைக் குற்றம் சொல்லவும் முடியாது. பாட்டியோடு அந்த நூறு பெயரும் போய்விடும்.

சட்டத்தில் இதற்கு இடம் இல்லாமல் இல்லை. 2006-ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம், பல்லுயிர் சார்ந்த பாரம்பரிய அறிவின் மேல் காட்டில் வாழும் சமூகத்துக்கு உள்ள உரிமையைத் தெளிவாகவே சொல்கிறது. முடிவெடுக்கும் இடமாகக் கிராம சபையை வைத்திருக்கிறது. அந்தச் சட்டத்தை ஒரு டிக்கெட்டுக்குள் கொண்டு வருவதுதான் மிச்சம்.

என்ன செய்யலாம்?

முதலாவது, எதைச் சொல்லலாம், எதைச் சொல்லக்கூடாது என்பதை மலை ஊரின் கிராம சபை முடிவு செய்யட்டும். பூந்திக்கொட்டை நுரைப்பதைக் காட்டலாம். வைத்தியச் செடியைக் காட்ட வேண்டாம் என்று அவர்கள் சொன்னால் டிக்கெட் எடுத்தவர் வாயை மூடிக்கொண்டு நடக்க வேண்டும். "அது சொல்லக்கூடாதுங்க" என்பதும் ஒரு பதில்தான்.

இரண்டாவது, டிக்கெட் பணத்தில் வழிகாட்டியின் கூலி தனி, அறிவுக்கான பங்கு தனி. அந்தப் பங்கு ஊரின் பொதுக்கணக்குக்குப் போக வேண்டும். செடியின் பெயர் ஒரு ஆளுடைய சொத்து இல்லை, ஊருடைய சொத்து. எவ்வளவு வந்தது, எங்கே போனது என்று வருடத்துக்கு ஒருமுறை கிராம சபையில் கணக்கை வாசிக்க வேண்டும்.

மூன்றாவது, இளைஞருக்கு முதலுதவியும் ஆங்கிலமும் சொல்லித் தரும் பயிற்சியில், சொந்த ஊர்ப் பெரியவர்களையும் ஆசிரியராக உட்கார வைத்து அவர்களுக்கும் சம்பளம் தர வேண்டும். பாட்டி சொல்லித் தருவதும் பாடம்தான்.

இதனால் டிக்கெட் விலை கொஞ்சம் ஏறும். ஏறட்டும். ஒரு படத்துக்குப் போய் பாப்கார்னும் கூல்டிரிங்ஸும் வாங்குகிற காசு அதற்கு மேலேயே ஆகும்.

டாலர் சிட்டி என்று பெயரெடுத்த ஊருக்கு ஒரு விஷயம் நன்றாகத் தெரியும். துணி ஓட்டுகிறவருக்கு ஒரு விலை, டிசைன் வைத்திருக்கிறவருக்கு வேறு விலை. ஐம்பது வருட வியாபாரத்தில் திருப்பூர் கற்றுக்கொண்ட பாடம் அது. சொந்த மலையில் முன்னால் நடந்து போகிறவரைத் தைக்கிற ஆளாகப் பார்ப்பதா, டிசைன் வைத்திருக்கிறவராகப் பார்ப்பதா?

கூட்டாறுக்கு புக் செய்கிறவர்கள் ஷூ லேஸைக் கட்டும்போது இதையும் ஒரு நிமிடம் யோசித்துவிட்டுக் கிளம்பினால் நல்லது.