செவிக்கும் காப்புறுதி உண்டு

கையில் வெட்டுப்பட்டால் இரத்தம் தெரிகிறது, காலொடிந்தால் கட்டுப் போடுகிறார்கள், பார்த்தவர் இரங்குகிறார்கள். காது கெட்டால் மட்டும் ஊர் சிரிக்கிறது! ‘செவிடன்’ என்று பட்டம் சூட்டிவிட்டுப் போய்விடுகிறது. ரப்பர் ஆலையிலும் செம்பனை எண்ணெய் ஆலையிலும் இருபது முப்பது ஆண்டுகள் உழைத்த தொழிலாளரில் எத்தனை பேர் இந்தப் பட்டத்தைச் சுமந்து திரிகிறார்கள் என்பதை நமது தோட்டக் கிளைகள் அறியும். வயதானால் காது மந்தமாகும் என்று அவர்களும் வாளாவிருந்துவிடுகிறார்கள். அவர்களில் பலருடைய காதைக் கெடுத்தது வயதன்று, வேலை என்பதை எடுத்துச் சொல்வார் இல்லை.

காது கேட்கும் கருவியின் விலையோ ஏழைத் தொழிலாளிக்கு எட்டாதது. நல்ல கருவி ஒன்றுக்குப் பல ஆயிரம் வெள்ளி வேண்டும். 2025ஆம் ஆண்டில் நிர்ணயிக்கப்பட்ட குறைந்தபட்சச் சம்பளம் மாதம் 1,700 வெள்ளி. அந்தச் சம்பளக்காரர் அரிசி வாங்குவாரா, கருவி வாங்குவாரா? ஆகவே, இந்தச் செலவை யார் ஏற்கவேண்டும், எந்தக் காப்புறுதி ஏற்கும், எது ஏற்காது என்பதை நமது தோழர்கள் தெளிவாகத் தெரிந்துகொள்வது அவசியம்.

முதலில் எது ஏற்காது என்று பார்ப்போம். இன்று தோட்டந்தோறும் காப்புறுதி முகவர்கள் வருகிறார்கள். மருத்துவ அட்டை ஒன்றைக் கொடுத்து, மாதம் இவ்வளவு கட்டினால் ஆஸ்பத்திரிச் செலவு முழுவதும் போச்சு என்கிறார்கள். ஆஸ்பத்திரியில் படுத்து வைத்தியம் பார்ப்பதற்கு அந்த அட்டை உதவலாம். அதை நாம் குறை கூறவில்லை. ஆனால் பத்திரத்தின் பின்பக்கங்களில், பொடி எழுத்தில், ‘விலக்குகள்’ என்றொரு பட்டியல் இருக்கும். செயற்கைக் கை கால், காது கேட்கும் கருவி போன்றவை அந்தப் பட்டியலில் இடம்பெறுவது இந்நாட்டு மருத்துவக் காப்புறுதிகளில் வழக்கம். கையொப்பமிடுமுன் அந்தப் பக்கத்தைப் படியுங்கள். படிக்க இயலாதவர் படிக்கத் தெரிந்த பிள்ளைகளிடம் கொடுங்கள். ‘இது கருவிக்குப் பணம் தருமா?’ என்று முகவரைக் கேட்டு, பதிலை எழுத்தில் வாங்குங்கள்.

இனி எது ஏற்கும்? நாம் சொக்சோ என்று அழைக்கும் சமூகப் பாதுகாப்பு நிறுவனத்தின் காப்புறுதி ஏற்கும். 1969ஆம் ஆண்டு இயற்றப்பட்ட சட்டத்தின்கீழ் 1971இல் செயற்படத் தொடங்கிய நிறுவனம் அது. விபத்தில் கை போனால் மட்டுமே சொக்சோ என்பது நம்மிடையே வேரோடிய எண்ணம். அது தவறு. தொழிலால் வரும் நோய்களுக்கென்று அந்தச் சட்டத்தின் ஐந்தாம் அட்டவணை இருக்கிறது. இரைச்சலால் ஏற்படும் செவிக்குறை அதில் ஒன்று. தொழில் விபத்து, தொழில் நோய் ஆகியவற்றுக்கான சந்தாவை முதலாளி மட்டுமே செலுத்துகிறார். நமது சம்பளத்தில் பிடிக்கப்படும் சந்தா இயலாமைத் திட்டத்துக்கானது. முதலாளி செலுத்துவதால் அது அவர் போடும் பிச்சையாகிவிடாது. நமது உழைப்பை வைத்துச் சட்டம் விதித்த கடன் அது.

செவிக்குறை தொழிலால் வந்தது என்று ஒப்புக்கொள்ளப்பட்டால் இரண்டு உரிமைகள் பிறக்கின்றன. ஒன்று, நிரந்தர ஊனத்துக்கான பணம். மருத்துவர் குழு ஊனத்தை விழுக்காட்டில் மதிப்பிடும். 20 விழுக்காட்டுக்கு மேற்படாவிட்டால் முழுத் தொகையையும் ஒரே தடவையில் பெற்றுக்கொள்ளலாம். அதற்கு மேற்பட்டால் ஐந்தில் ஒரு பங்கை மொத்தமாகவும் மீதியை ஆயுள் முழுவதும் மாதந்தோறும் பெறலாம். மற்றொன்று, உடல் மறுவாழ்வு வசதி. சக்கர நாற்காலி, ஊன்றுகோல், செயற்கைக் கால் ஆகியவற்றோடு காது கேட்கும் கருவியும் இதில் அடங்கும். இவ்விரண்டும் தனித்தனி உரிமைகள். பணம் கிடைத்துவிட்டது என்று கருவியைக் கேளாமல் வந்துவிடக் கூடாது.

எல்லாம் சரி; இரைச்சல்தான் காதைக் கெடுத்தது என்பதை எப்படி நிலைநாட்டுவது? நமது தோழர்கள் தோற்கும் இடம் இதுதான்.

உட்செவியில் ஒலியை உணரும் நுண்ணிய மயிரணுக்கள் உள்ளன. இரைச்சல் அவற்றைச் சிறுகச் சிறுகச் சாகடிக்கிறது. செத்தவை மீண்டும் முளைப்பதில்லை. முதலில் போவது உயர்ந்த சுருதி. 4,000 ஹெர்ட்ஸ் அளவில் கேட்கும் திறன் பள்ளமாக இறங்குகிறது. ஆள் பேசுவது கேட்கும், வார்த்தை விளங்காது. குழந்தையின் மழலை நழுவிப் போகும். இரவில் காதுக்குள் இரைச்சல் எழும். வலி கிடையாது. ஆகவே, தொழிலாளி உணரும்போது காலம் கடந்திருக்கும். காதுப் பரிசோதனைக் கருவி மட்டுமே அந்தப் பள்ளத்தை முன்கூட்டிக் காட்டும். ஆண்டுதோறும் எடுத்த அந்த வரைபடங்களே பின்னாளில் நமக்குச் சாட்சி.

அந்தச் சாட்சியைச் சட்டம் நமக்குத் தந்திருக்கிறது. 1989ஆம் ஆண்டு விதிகள் தொழிற்சாலைகளுக்கு மட்டுமே பொருந்தின. 2019 ஜூன் முதல் நடப்பிலுள்ள இரைச்சல் விதிகள் வேலைப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் வந்தவை. தோட்டத்தின் வெளிக்காட்டு வேலையையும் தொடுபவை. நாளொன்றுக்கு 8 மணி நேரக் கணக்கில் 85 டெசிபல் என்பது வரம்பு. 3 டெசிபல் கூடினால் ஒலியின் ஆற்றல் இரட்டிப்பாகும். எனவே 88 டெசிபலில் 4 மணியும், 91 டெசிபலில் 2 மணியுமே தாங்கத்தக்கது. கிரேப் இயந்திரத்தின் அருகில் நிற்பவரும், எண்ணெய் ஆலையின் டர்பைன் அறையில் இருப்பவரும் மட்டுமல்ல, தோளில் புல்வெட்டு இயந்திரத்தைச் சுமந்து காலை முழுவதும் நடப்பவரும், சங்கிலி ரம்பம் பிடிப்பவரும் இந்தக் கணக்கில் வருகிறார்கள். வரம்பைத் தாண்டிய இடத்தில் காதுக் கவசம் கொடுப்பதும், ஆண்டுக்கொருமுறை காதுப் பரிசோதனை செய்விப்பதும், அதன் செலவை ஏற்பதும் முதலாளியின் கடமை.

எத்தனை தோட்டங்களில் இது நடக்கிறது? பரிசோதனை வண்டி வருகிறது, தொழிலாளர் வரிசையில் நிற்கிறார்கள், தாள் ஆபீஸ் அலமாரிக்குள் போகிறது. தொழிலாளிக்கோ தன் காதைப் பற்றிய செய்தி தெரியாது. செவிடன் காதில் ஊதிய சங்கு என்பார்கள். இங்கே சங்கை ஊதாமலே பூட்டி வைத்திருக்கிறார்கள்! இதை நாம் இனியும் பொறுத்திருக்க முடியாது.

காலக்கெடு ஒன்றையும் தோழர்கள் மனத்தில் பதித்துக்கொள்ளவேண்டும். இரைச்சல் வேலையை விட்டு நீங்கிய 60 மாதங்களுக்குள் அந்த நோய் கண்டால்தான் அதைத் தொழில் நோயாகச் சட்டம் கருதும். ஆலையிலிருந்து காவல் வேலைக்கு மாற்றப்பட்டவருக்கும், ஓய்வு பெற்றவருக்கும் அந்த ஐந்தாண்டுக் கணக்கு ஓடிக்கொண்டிருக்கிறது. ‘பிறகு பார்த்துக்கொள்ளலாம்’ என்பவருக்குப் பிறகு ஒன்றும் இராது.

ஆகவே, தோழர்களே, செய்யவேண்டியவை இவை: பரிசோதனை முடிவின் நகலைக் கேட்டு வாங்கி வீட்டில் வையுங்கள். எந்த ஆண்டு முதல் எந்த ஆண்டு வரை எந்த இயந்திரத்தில் வேலை செய்தீர்கள் என்பதை எழுதி வையுங்கள். காதில் குறை தோன்றினால் அரசாங்க ஆஸ்பத்திரியின் காது மூக்குத் தொண்டை நிபுணரிடம் போய், செய்த வேலையின் விவரத்தை அவரிடம் சொல்லுங்கள். சொல்லாவிட்டால் அவர் அதை முதுமை என்றே எழுதக்கூடும். பின்னர் கிளைச் செயலாளரோடு சொக்சோ அலுவலகத்தில் மனுக் கொடுங்கள். மனு தள்ளப்பட்டால் மேல்முறையீட்டுக்கு வழியுண்டு.

குறை தொழிலால் வந்ததல்ல என்று முடிவானாலும் கைகட்டி நிற்கவேண்டாம். உடற்குறையுடையோராகப் பதிவு செய்துகொண்டு, சமூக நல இலாகாவின் உதவிக் கருவித் திட்டத்தில் விண்ணப்பிக்கலாம்.

2019 ஜனவரி முதல் அந்நிய நாட்டுத் தொழிலாளரும் சொக்சோவின் தொழில் விபத்துத் திட்டத்துக்குள் வந்துவிட்டார்கள். இந்தோனேசியரும் வங்காளதேசத்தவரும் நம்மோடு ஒரே இயந்திரத்தின் முன்னால் நிற்கிறார்கள். அவர்களுக்கு இதைச் சொல்வதும் நமது பொறுப்பே.

நிர்வாகங்களுக்கும் ஒரு வார்த்தை. கருவி வாங்கித் தருவதைவிட இரைச்சலைக் குறைப்பதே அறிவுடைமை. இயந்திரத்துக்கு உறை போடுங்கள். தேய்ந்த பேரிங்கை மாற்றுங்கள். வேலையைச் சுழற்சி முறையில் பங்கிடுங்கள். பரிசோதனை முடிவைத் தொழிலாளிக்குப் புரியும் மொழியில் அவர் கையில் கொடுங்கள். பாதுகாப்பைப் பற்றி முறையிட்டதற்காகத் தொழிலாளியைத் தண்டிப்பதைச் சட்டம் தடுக்கிறது என்பதையும் நினைவில் வையுங்கள்.

எவ்வளவு உயர்ந்த கருவியானாலும் அது இழந்த செவியைத் திருப்பித் தராது. ஒலியைப் பெருக்கித் தரும், அவ்வளவே. ஆனாலும் பேரப்பிள்ளை கூப்பிடுவதைக் கேட்டுத் திரும்பிப் பார்க்க அது போதும். அந்தச் சிறு நிறைவைக்கூடக் கேளாமல் விட்டுவிடுவதா? அடுத்த கிளைக் கூட்டத்தில் இந்தப் பொருளை நிகழ்ச்சி நிரலில் சேர்க்குமாறு எல்லாக் கிளைகளையும் கேட்டுக்கொள்கிறோம்.