பதினொரு பேரும் வேணும்

ஹாஸ்டல்ல விடிய விடிய ஃபிஃபா ஆடுற கேங்கா நீங்க? அப்போ அதே இஏ கம்பெனியோட ‘மேடன்’ கேமும் கண்ணுல பட்டிருக்கும். ஹெல்மெட் மாட்டிக்கிட்டு முட்டி மோதுற அமெரிக்கன் ஃபுட்பால். அந்தப் பேரு ஒரு டிவி வர்ணனையாளரோடது: ஜான் மேடன்.

மனுஷன் தொழில்முறை ஃபுட்பால்ல ஒரு மேட்ச்கூட ஆடலை. 1958-ல் பிலடெல்ஃபியா ஈகிள்ஸ் அணி எடுத்தது. முழங்காலில் அடி, கதை முடிஞ்சது. சிகிச்சை நாட்களில், அணியின் குவார்ட்டர்பேக் நார்ம் வான் பிராக்லின் மேட்ச் ஃபிலிம் ஓட்டிப் பார்ப்பார். பக்கத்துல உட்கார்ந்து அவர் விளக்குறதைக் கேட்டே ஆட்டத்தைப் படிச்சார் மேடன். அப்புறம் ஓக்லண்ட் ரைடர்ஸ் கோச், ஒரு சூப்பர் பவுல் வெற்றி, 42 வயசுல விலகல். 1979-ல் சிபிஎஸ் சேனலில் மைக் பிடித்தவர் ஃபாக்ஸ், ஏபிசி, என்பிசி என்று மாறி 2009 வரை பேசினார்.

டிவியில நம்ம கண்ணு பந்து பின்னாடியே ஓடும். மேடன் பந்தைத் தொடாத ஆளுங்களைக் காட்டுவார். முன்வரிசையில் நின்னு எதிரணியைத் தடுக்கிற பலசாலிகள். ரீப்ளேவை நிறுத்தி, டெலிஸ்ட்ரேட்டர் கருவியால திரை மேலேயே கோடு இழுப்பார். இவன் இந்தப் பக்கம் தள்ளினான், அங்கே சந்து விழுந்துச்சு, அதுல புகுந்து அவன் ஓடினான். நடுவுல ‘பூம்!’னு ஒரு சத்தம். ஆட்டமே தெரியாதவருக்கும் புரியும். தெரிஞ்சவருக்கும் புதுசா ஒண்ணு கிடைக்கும். (பலமான மோதல்களை அவர் கொண்டாடினது, மூளைக் காயங்கள் பற்றி இவ்வளவு தெரிஞ்ச பிறகு எனக்கு நெருடுது. அதையும் சொல்லியாகணும்.)

எளிமையாச் சொல்றது வேற, வெட்டிக் குறைக்கிறது வேற. இது அவருக்குத் தெரிஞ்சிருந்தது. 1984-ல் இஏ நிறுவனர் டிரிப் ஹாக்கின்ஸ் கேம் செய்யலாம்னு வந்தார். அன்றைய கம்ப்யூட்டர் தாங்காது, ஒரு பக்கம் ஆறேழு பேர் போதும்னு யோசனை. பதினொரு பேர் இல்லேன்னா அது ஃபுட்பாலே இல்லை என்று மேடன் மறுத்துட்டார். ஆப்பிள் 2-வுக்கு அந்த கேம் வர 1988 ஆச்சு.

நம்ம செமினாரை நினைச்சுப் பாருங்க. ஒண்ணு, ஸ்லைடை அப்படியே ஒப்பிப்போம். இல்லேன்னா கஷ்டமான பகுதியை நைசா தூக்கிட்டு “சிம்பிளா சொல்லணும்னா” என்போம். நானும் அதே கேஸ்தான். போன ரிவ்யூவில், என் பிஐடி கன்ட்ரோலரை “உங்க அம்மாவுக்குச் சொல்ற மாதிரி சொல்லுப்பா” என்றார் எக்ஸ்டெர்னல். வாயே திறக்கலை. ஈக்வேஷன் தெரியும், விஷயம் தெரியலை.

லீவுக்குப் போனப்போ நிஜமாவே அம்மாகிட்ட உட்கார்ந்து சொன்னேன். ரெண்டு தடவை சொதப்பல். மூணாவது தடவை அம்மாவே கேட்டாங்க: “பால் எவ்ளோ மேல வந்திருக்கு, எவ்ளோ வேகமா வருதுன்னு பார்த்து அடுப்பைக் குறைப்பேன்ல, அதுவாடா?”

பி வந்துடுச்சு, டி-யும் வந்துடுச்சு. ஐ-க்கு இன்னும் உதாரணம் தேடிட்டிருக்கேன்.