பசியை எழுதிய பேனா

இறைச்சிக் கடை வாயிலிலே ஒருவன் நிற்கிறான். நாய்க்குப் போட ஓர் எலும்பு கிடைக்குமா என்று கேட்கிறான். கிடைக்கிறது. ஒதுக்குப்புறமாக ஓடுகிறான், ஒளிந்து நின்று தானே கடிக்கிறான். நாயா வளர்த்தான் அவன்? வயிற்றிலே வளர்ந்ததெல்லாம் பசி, பசி, பசி!

தோழர்களே! 1890-ல் வெளிவந்த 'பசி' எனும் நாவலிலே வரும் காட்சி இது. தீட்டியவர் நார்வே நாட்டு நட் ஹாம்சன். கேட்டு எழுதியதல்ல, பட்டு எழுதியது. தையற்காரர் வீட்டிலே 1859-ல் பிறந்து, செருப்புத் தைக்கக் கற்று, சாலை போடும் வேலை செய்து, அமெரிக்கா சென்று சிகாகோ நகரிலே டிராம் கண்டக்டராக நின்றவர். உழைத்தவனுக்குத்தான் தெரியும் ஒட்டிய வயிற்றின் உறுமல்!

1966-ல் டென்மார்க்கைச் சேர்ந்த ஹென்னிங் கார்ல்சன் அதைப் படமாக்கினார். ஆடலில்லை, பாடலில்லை, வண்ணமில்லை. பெர் ஆஸ்கார்சன் என்ற நடிகரின் குழிவிழுந்த முகம் ஒன்றே போதுமாயிற்று. கேன்ஸ் விழாவிலே சிறந்த நடிகர் பரிசு அவருக்கு. கையிலே காசில்லாதவன், தன் இடுப்புச் சட்டையை அடகுவைத்துப் பிச்சைக்காரனுக்கு ஈகிறானே, அந்தக் காட்சியைக் கண்டு கலங்காதவர் யார்? நாமும் கலங்கினோம். மறைப்பானேன்!

1920-ல் நோபல் பரிசு வந்தது. க.நா.சு. தமிழிலே 'நிலவளம்' என்று தந்தாரே, அந்த நூலுக்காக. பெயர் வந்தது, பணம் வந்தது, பண்ணை வந்தது. பிறகு?

1940 ஏப்ரலில் ஹிட்லரின் படை நார்வேயிலே நுழைந்தது. நாட்டு இளைஞர்கள் துப்பாக்கி ஏந்தினர். எண்பது வயது ஹாம்சனோ, துப்பாக்கியைப் போட்டுவிட்டு வீடு திரும்புங்கள் என்று எழுதினார்! 1943-ல் தமது நோபல் பதக்கத்தைக் கோயபல்சுக்குக் காணிக்கையாக்கினார். பொய்யை மூலதனமாக்கிப் பிழைத்த கோயபல்சுக்கு! அதே ஆண்டு ஹிட்லரை நேரிலே கண்டார். நார்வேயை ஆண்ட ஜெர்மன் அதிகாரி டெர்போவனின் கொடுமையைச் சொல்லி முறையிட்டார் என்பது உண்மை; ஹிட்லர் சீறினார் என்பதும் உண்மை. அப்போதாவது கண் திறந்ததா? 1945 மே மாதம், ஹிட்லர் மாண்டபின், அவரைப் புகழ்ந்து இரங்கலுரை எழுதினார். அப்போது வாழ்த்தி எழுதிப் பெறுவதற்கு ஒன்றுமில்லை, நம்பித்தான் எழுதினார்!

முதுமை, செவிட்டுத்தன்மை, பாவம் என்கின்றனர் சிலர். மனநல மருத்துவர்களும் அறிவாற்றல் நிலையாகக் குன்றிவிட்டது என்றே சான்று தந்தனர். 1948-ல் உச்சநீதிமன்றம் விதித்தது 3,25,000 குரோனர் தண்டம். அறிவு குன்றியவர் என்ன செய்தார்? 1949-ல், தொண்ணூறு வயதிலே, தம் நிலையை விளக்கித் தெளிவாக ஒரு நூலே எழுதி வெளியிட்டார்! இரக்கம் காட்ட நாம் தயார், ஏமாறத் தயாரில்லை.

அதே நார்வேயிலே சிக்ரிட் உண்ட்செட் என்றோர் அம்மையார். தந்தையை இளமையிலே இழந்து, பதினாறு வயது முதல் பத்தாண்டு அலுவலகத்திலே எழுத்து வேலை பார்த்தவர். 1928-ல் நோபல் பரிசு பெற்றவர். போரிலே சிக்கிய பின்லாந்து மக்களுக்கு உதவத் தம் பதக்கத்தை 1940-ல் தந்தார். அதே ஆண்டு மூத்த மகன் ஜெர்மானியரை எதிர்த்துப் போரிட்டு மாண்டான். தாயோ நாடு துறந்து அமெரிக்கா சென்று, அங்கிருந்தும் நாசிகளை எதிர்த்து எழுதினார். அவருடைய 'கிறிஸ்டின்' கதையை 1995-ல் படமாக்கினார் நடிகை லிவ் உல்மன்.

ஒரே நாடு, ஒரே பரிசு, இரண்டு பதக்கங்கள். போய்ச் சேர்ந்த இடங்களைப் பார்த்தீர்களா?

ஆகவே ஹாம்சனின் நூலைக் கொளுத்துவோமா? கூடாது. கொளுத்துவது கோயபல்ஸ் கூட்டத்தின் வேலை. 1933-ல் பெர்லினிலே செய்தார்கள். 'பசி'யைப் படிப்போம், படத்தைப் பார்ப்போம். எழுத்தைத் தனியாகவும் ஆளைத் தனியாகவும் வைக்க வேண்டும் என்று உபதேசிக்கும் பண்டிதர்களுக்கு ஒன்று: துப்பாக்கியைப் போடச் சொன்னதும் எழுத்துத்தான், அதே பேனாதான்.

ஜான் ட்ரோயல் 1996-ல் எடுத்த 'ஹாம்சன்' படம் இருக்கிறது. மாக்ஸ் வான் சிடோ கிழவராகவே வாழ்ந்து காட்டியிருக்கிறார். படிப்பகத் தோழர்கள் முதல் நாள் 'பசி'யைத் திரையிட்டால், மறுநாள் இதையும் திரையிடட்டும்.