மூன்று மாதத்தில் பட்டாவைத் தேட முடியுமா?

இலங்கையில் 2025 மார்ச் 28 அன்று வெளியான ஓர் அரசிதழ் அறிவிப்பு, வட மாகாணத்தின் நான்கு மாவட்டங்களில் ஏறக்குறைய 5,940 ஏக்கர் நிலத்தின் உரிமையைக் கேள்விக்குள்ளாக்கியது. உரிமை கோருவோர் மூன்று மாதத்திற்குள் ஆதாரத்துடன் வர வேண்டும். இல்லையேல் நிலம் அரசுடைமையாகலாம் என்பதே அதன் சாரம். போரில் இடம்பெயர்ந்து பத்திரங்களைத் தொலைத்தவர்களும் வெளிநாடுகளில் வாழ்பவர்களும் அதற்குள் எப்படி ஆதாரம் திரட்ட முடியும்? வழக்கறிஞரும் முன்னாள் நாடாளுமன்ற உறுப்பினருமான எம்.ஏ. சுமந்திரன் உச்ச நீதிமன்றத்தை நாடினார். காலக்கெடு முடியும் தறுவாயில், ஜூன் 27 அன்று, அறிவிப்பை நிறுத்தி வைக்கும் இடைக்கால உத்தரவு கிடைத்தது.

கோல சிலாங்கூர் மாணவர்களுக்கும் இந்தச் செய்தியில் பாடம் உண்டு என்பது என் கருத்து. ஏனெனில், நம் நாட்டில் நிலப் பதிவேட்டின் பலம் இன்னும் பெரிது.

மலேசியா பின்பற்றுவது டோரன்ஸ் முறை. சிலாங்கூரில் இது 1891-ஆம் ஆண்டுப் பட்டாப் பதிவுச் சட்டத்தோடு வேரூன்றியது. இன்று தீபகற்ப மலேசியாவில் 1965-ஆம் ஆண்டு தேசிய நிலச் சட்டம் நடப்பில் உள்ளது. இம்முறையில் பதிவேட்டில் யார் பெயர் இருக்கிறதோ அவரே உரிமையாளர். எத்தனை தலைமுறை வாழ்ந்தோம் என்பது அதற்கு ஈடாகாது.

அப்படியானால், அந்தப் பதிவேட்டை அரசு விருப்பம்போல் மாற்றலாமா? முடியாது. தவறான பெயர், தவறான எல்லை போன்ற பிழைகளைத் திருத்த 380-ஆம் பிரிவு பதிவாளருக்கு அதிகாரம் தருகிறது. அது பிழை திருத்தும் அதிகாரமே தவிர, உரிமையைப் பறிக்கும் அதிகாரமன்று. ஸ்ரீ லெம்பா நிறுவனத்தின் வழக்கு இதற்கு நல்ல பாடம். கோலாலம்பூரில் நிரந்தர உரிமை நிலம் வைத்திருந்த அந்நிறுவனம் நிலப் பயன்பாட்டை மாற்ற விண்ணப்பித்தது. நிரந்தர உரிமையை விட்டுக்கொடுத்து 99 ஆண்டுக் குத்தகையை ஏற்றால்தான் அனுமதி என்றது நில நிர்வாகம். அந்த நிபந்தனை செல்லாது என்று கூட்டரசு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அரசு அதிகாரத்திற்கும் சட்ட எல்லை உண்டு என்பதை அதில் வலியுறுத்திய நீதிபதி ராஜா அஸ்லான் ஷா, பின்னாளில் நாட்டின் மாமன்னரானார்.

நில நிர்வாகியின் முடிவால் பாதிக்கப்பட்டவர் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய 418-ஆம் பிரிவு வழி விடுகிறது. ஆனால், முடிவு தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து மூன்று மாதம்தான் அவகாசம். இங்கும் அதே மூன்று மாதம்!

தோட்டப்புற மக்களின் சிக்கல் இங்குதான் தொடங்குகிறது. ஈஜோக், புக்கிட் ரோத்தான், பெஸ்தாரி ஜெயா வட்டாரத் தோட்டங்களில் பட்டா நிறுவனத்தின் பெயரில் இருக்கும். நிலம் கைமாறினாலும், விவசாய நிலம் வீடமைப்பு நிலமானாலும், அறிவிப்பு போவது பதிவில் உள்ளவருக்கு. லயத்தில் வாழும் குடும்பத்திற்குத் தெரியவரும்போது காலம் கடந்திருக்கும்.

அதனால் தோட்ட மக்களுக்கு வழியே இல்லை என்று பொருளல்ல. சிலாங்கூர் நில இயக்குநருக்கு எதிரான போஹாரி தாயிப் வழக்கு 1991-ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கையில் உள்ளது. அனுமதியோடு குடியேறியவரை, அத்துமீறிக் குடியேறியவரைப் போலச் சுருக்கமான விசாரணையில் வெளியேற்ற முடியாது என்றது அன்றைய உச்ச நீதிமன்றம். அப்படியானால் அனுமதியைக் காட்டும் ஒரு பழைய கடிதம்கூட வழக்கின் போக்கை மாற்றக்கூடும்.

1950-களில் தோட்டங்கள் துண்டாடப்பட்டபோது தொழிலாளர்கள் வேலையையும் வீட்டையும் சேர்த்தே இழந்தனர். துன் வீ.தி. சம்பந்தன் 1960-இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தை அமைத்தார். தொழிலாளர்களின் சேமிப்பைத் திரட்டித் தோட்டங்களை வாங்கி, அவர்களுடைய சங்கத்தின் பெயரையே பட்டாவில் ஏற்றுவது அவர் கண்ட வழி. இன்றைக்கும் அதைவிட உறுதியான பாதுகாப்பு வேறில்லை என்றே நினைக்கிறேன்.

மாணவர்கள் செய்யக்கூடியதும் உண்டு. உங்கள் வீடு, கோயில், தமிழ்ப்பள்ளி அமைந்துள்ள நிலத்தின் லாட் எண்ணைக் கண்டுபிடியுங்கள். கட்டணம் செலுத்தினால் பதிவேட்டை யாரும் தேடிப் பார்க்கலாம். நான்கு ஹெக்டருக்கு மேற்பட்ட தோட்ட நிலத்தின் பதிவு ஷா ஆலாமிலுள்ள மாநில நில அலுவலகத்திலும், சிறிய கிராமப்புற நிலத்தின் பதிவு மாவட்ட நில அலுவலகத்திலும் இருக்கும். தாத்தா பாட்டியின் வேலைக் கடிதம், நிர்வாகத்தின் வாக்குறுதிக் கடிதம், கோயில் அனுமதிக் கடிதம் ஆகியவற்றை நகலெடுத்துப் பத்திரப்படுத்துங்கள்.

நீதிமன்றம் ஆதாரத்தைத்தான் கேட்கும். மூன்று மாத அவகாசம் தொடங்கிய பிறகு அதைத் தேடத் தொடங்கினால், பெரும்பாலும் நேரம் போதாது.