ஒரே வேடம், இரு படங்கள்



ஒரே கதை, ஒரே இயக்குநர், ஒரே நடிகை. ஏழாண்டு இடைவெளியில் அது இருமுறை படமாயிற்று. முதன்முறை அந்நடிகையின் இதழ்கள் அசைந்தன, குரல் கேட்கவில்லை. மறுமுறை அவர் பாடினார். பேசாப்படம் பேசும்படமாக மாறிய காலத்தை அறிந்துகொள்ள இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

அந்த ஸ்பானிய நடிகையின் பெயர் இம்பெரியோ அர்ஹென்டினா. பிறந்தது தென் அமெரிக்காவின் புவனஸ் அயர்ஸ் நகரில். இயற்பெயர் மக்தலேனா, நம் பங்குகளில் என்றால் மதலேனம்மாள் என்றே அழைத்திருப்போம். பஸ்தோரா இம்பெரியோ, 'லா அர்ஹென்டினா' என்னும் இரு நடனத் தாரகையரின் பெயர்களை இணைத்து அமைந்ததே அவரது மேடைப்பெயர். சிறு வயதிலேயே பாடவும் ஆடவும் மேடையேறியவர் அவர்.

1927இல் புளோரியான் ரெய் இயக்கிய 'அருட்சகோதரி சான் சுல்பிசியோ' அவருடைய முதற்படம். பலாசியோ வால்தேஸ் 1889இல் வெளியிட்ட நாவலே அதன் மூலம். செவில் நகரைச் சேர்ந்த, சிரிப்பும் துடுக்கும் நிறைந்த ஓர் இளங்கன்னித்துறவியை வடபுலத்து இளைஞன் ஒருவன் விரும்புகிறான். நிரந்தர வார்த்தைப்பாடு கொடுத்திராத அவள், மடத்தை விட்டு வெளியேறி அவனை மணக்கிறாள். இக்கதையை நம் குடும்ப இதழில் எழுதலாமா என்று சிலர் நெற்றியைச் சுருக்கக்கூடும். அழைத்தலைச் சோதித்தறிவதற்காகத்தானே திருச்சபை தற்காலிக வார்த்தைப்பாட்டை ஏற்படுத்தியிருக்கிறது?

ஆனால் அக்கன்னித்துறவியின் அழகெல்லாம் அவளது தென்னாட்டுப் பேச்சிலும் பாட்டிலும் அல்லவா இருக்கிறது! படத்தின் இடையிடையே காட்டப்படும் எழுத்து அட்டை அதை எங்ஙனம் தரும்?

சில ஆண்டுகளில் ஒலி வந்தது. மொழி ஒரு சுவராக எழுந்தது. பாரமௌண்ட் நிறுவனம் பாரிசுக்கு அருகே ழுவான்வில் என்னுமிடத்தில் ஒரே கதையை, ஒரே அரங்க அமைப்பில், பல மொழிகளில் படமாக்கத் தொடங்கியது. அங்கே இம்பெரியோ ஸ்பானியப் படங்களில் நடித்தார். 1933இல் வெளிவந்த ஒரு படத்தில் புகழ்பெற்ற பாடகர் கார்லோஸ் கார்தேல் அவருடன் நடித்தார். வாய் திறந்ததும் வாழ்விழந்த பேசாப்பட நடிகர் பலர். இவருக்கோ வாய் திறந்தபோதுதான் வாழ்வு மலர்ந்தது.

1934இல் ரெய் அதே கதையை மீண்டும் எடுத்தார். சிஃபேசா நிறுவனத்தின் முதல் தயாரிப்பு அது. இம்முறை கன்னித்துறவி வாய்விட்டுப் பாடினாள். 1935இல் 'நோப்லேசா பதுர்ரா', 1936இல் 'மொரேனா கிளாரா' என வெற்றிகள் தொடர்ந்தன. பின்னதில் நீதிமன்றத்தில் நிறுத்தப்படும் ஜிப்ஸிப் பெண்ணாக அவர் நடித்தார். மக்கள் அப்படத்தை விரும்பிப் பார்த்துக்கொண்டிருந்த அந்த ஆண்டு ஜூலையிலேயே ஸ்பெயினில் உள்நாட்டுப் போர் மூண்டது.

பிராங்கோவின் பக்கம் நின்ற ரெய்யும் அவரும் பெர்லினுக்குச் சென்றனர். 1938இல் வெளிவந்த 'திரியானாவின் கார்மென்' அங்கே படமானது. அதன் ஜெர்மானிய வடிவிலும் அவரே நடித்தார். ஹிட்லரையும் சந்தித்தார். மீண்டும் ஜிப்ஸி வேடம்; மீண்டும் பாட்டு. அதே பெர்லினின் எல்லையில், மார்சான் என்னுமிடத்தில், 1936 முதல் மெய்யான ஜிப்ஸிக் குடும்பங்கள் முகாமில் அடைக்கப்பட்டிருந்தன. திரையில் கைதட்டல் பெற்ற இனம், திரைக்கு வெளியே காவலில் கிடந்தது. அந்தப் பாடல்களின் இனிமையை நாம் மறுக்கவில்லை. ஆயினும் மார்சானை நினைக்கும்போது நமக்குத் தொண்டை அடைத்துக்கொள்கிறது.

போருக்குப் பின் அவரது புகழ் மெல்லத் தணிந்தது. எனினும் முதுமையில் ஸ்பெயின் அவரை மறக்கவில்லை. 1989இல் கௌரவ கோயா விருது வழங்கப்பட்டது. 2003இல், மாலகா பகுதியில் காலமானார்.

இறுதிக்காலப் படங்களுள் ஒன்றை இங்கே குறிப்பிட விரும்புகிறோம். 1986இல் ஹோசே லூயிஸ் போராவ் இயக்கிய 'தாத்தா மீயா'. ஸ்பானியத்தில் 'தாத்தா' என்றால் பாட்டனார் அல்லர், குழந்தையை வளர்த்த தாதி. பல்லாண்டு மடத்தில் வாழ்ந்த ஒரு பெண், அதை விட்டு வெளியேறித் தன்னை வளர்த்த முதியவளைத் தேடி வருகிறாள். அந்த முதியவள்தான் இம்பெரியோ.